மனு தள்ளுபடி, ஆனாலும் ஜெயித்தவர் முத்தம்மா

நெதர்லாந்தில் வேலை பார்க்கிற நமக்கு ஹேக் நகர இந்தியத் தூதரகம் என்றால் பாஸ்போர்ட்டும் ஓசிஐ அட்டையும்தான் ஞாபகத்துக்கு வரும். 1979-ல் அந்தத் தூதரகத்தின் தலைமைப் பொறுப்பில் இருந்தவர், தன்னை அனுப்பிய இந்திய அரசுக்கு எதிராகவே சுப்ரீம் கோர்ட்டில் வழக்கு நடத்தினார். பதவி உயர்வில் நியாயம் வேண்டும் என்பதுதான் வழக்கு. அவர் பெயர் சி.பி. முத்தம்மா.

நம்ம காவிரி பிறக்கிற குடகுதான் அவருக்கும் பிறந்த ஊர். 1924-ல் விராஜ்பேட்டையில் பிறந்தார். வனத்துறை அதிகாரியாக இருந்த அப்பா, முத்தம்மாவுக்கு ஒன்பது வயதானபோது இறந்துவிட்டார். நாலு பிள்ளைகளையும் படிக்க வைத்தது அம்மாதான். மடிக்கேரியில் பள்ளிப் படிப்பை முடித்துவிட்டுச் சென்னைக்கு வந்தார். பெண்கள் கிறித்தவக் கல்லூரியிலும், பிறகு மாநிலக் கல்லூரியில் ஆங்கில இலக்கியமும் படித்தார். 1948-ல் சிவில் சர்வீஸ் தேர்வில் வென்றார். வெளியுறவுப் பணிக்குள் நுழைந்த முதல் இந்தியப் பெண் அவர்தான்.

நுழைவதே சுலபமாக இல்லை. நேர்முகத் தேர்விலேயே, இந்தப் பணி வேண்டாம் என்று அவர் மனதை மாற்றப் பார்த்தார்கள். அவர் அசையவில்லை. சேரும்போது, கல்யாணம் செய்துகொண்டால் ராஜினாமா செய்துவிடுவேன் என்று உறுதிமொழி எழுதி வாங்கிக்கொண்டார்கள். கூடச் சேர்ந்த ஆண்கள் யாரிடமும் அப்படி ஒரு காகிதம் கேட்கவில்லை. 1961-ல் வந்த விதிகள் இதை இன்னும் கெட்டியாக்கின. பெண் அதிகாரி கல்யாணத்துக்கு முன்னால் அரசிடம் அனுமதி வாங்க வேண்டும். குடும்பப் பொறுப்பு வேலைக்கு இடைஞ்சல் என்று அரசு நினைத்தால் அவரை ராஜினாமா செய்யச் சொல்லலாம். கல்யாணமான பெண் இந்தப் பணியை உரிமையாகக் கேட்கவே முடியாது.

முத்தம்மா கடைசி வரை கல்யாணம் செய்துகொள்ளவில்லை. பாரிஸில் தொடங்கிப் பல நாடுகளில் வேலை பார்த்தார். 1970-ல் ஹங்கேரிக்குத் தூதரானார். வெளியுறவுப் பணிக்குள்ளிருந்தே தூதராக உயர்ந்த முதல் பெண் அவர்தான். அதற்கு மேலே இருந்த முதல் நிலைப் பதவி உயர்வு வரும்போது மட்டும் கதவு சாத்திக்கொண்டது. தகுதி போதவில்லை என்றார்கள். அவருக்குப் பின்னால் சேர்ந்தவர்கள் அவரைத் தாண்டிப் போனார்கள்.

இந்த இடத்தில் ஐடி ஆட்களான நாம் என்ன செய்வோம்? அப்ரைசல் சரியில்லை என்றால் ரெஸ்யூமேவைத் தூசி தட்டி வேறு கம்பெனிக்குப் போய்விடுவோம். ஒரு நாட்டுக்கு வெளியுறவுத் துறை ஒன்றுதான். அங்கே தாண்டிப் போகப்பட்டவருக்கு வேறு கம்பெனி கிடையாது, சட்டம் மட்டும்தான் உண்டு. அரசு ஊழியருக்குச் சீனியாரிட்டி என்பது வெறும் கௌரவமும் இல்லை. அடுத்த பதவி எப்போது, சம்பளம் எவ்வளவு, ஓய்வுக்குப் பிறகு பென்ஷன் எவ்வளவு என்பதெல்லாம் அதோடு கோர்த்துக் கிடக்கிறது.

முத்தம்மா சட்டத்தின் கதவைத்தான் தட்டினார். அரசியலமைப்பின் 14, 16-வது பிரிவுகளைக் காட்டி நேராக சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார். வழக்கு போட்ட பிறகு காட்சி மாறியது. அதுவரை போதாமல் இருந்த தகுதி சில மாதங்களில் போதுமானதாகிவிட்டது. பதவி உயர்வு கொடுத்து ஹேக்கில் தூதராகவும் நியமித்தார்கள். திருமணமான பெண்ணுக்கு எதிரான விதியை 1973-லேயே நீக்கிவிட்டோம், கல்யாண அனுமதி விதியும் போகப்போகிறது என்று அரசு கோர்ட்டில் சொன்னது.

1979 செப்டம்பரில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் தீர்ப்பு எழுதினார். கேட்டது கிடைத்துவிட்டதால் மனு தள்ளுபடி. ஆனால் அவர் அத்தோடு ஃபைலை மூடவில்லை. பெண்களை இப்படி நடத்தும் விதிகள் சமத்துவத்துக்கே விரோதம் என்று கடுமையாகச் சாடினார். எல்லா விதிகளையும் அலசி, பாரபட்சக் கறையை நீக்க வேண்டும் என்றார். இடைப்பட்ட சில மாதங்களில் முத்தம்மாவைத் தாண்டிப் போனவர்கள் விஷயத்தில் அவருடைய சீனியாரிட்டியை அரசு மறுபரிசீலனை செய்ய வேண்டும் என்றும் சொன்னார்.

இதில் பலரும் குழப்பிக்கொள்ளும் ஒரு விஷயம் உண்டு. இந்தியச் சட்டப்படி பதவி உயர்வு யாருக்கும் தானாக வரும் உரிமை இல்லை. ஆனால் தகுதி வந்த பிறகு மற்றவர்களோடு சமமாகப் பரிசீலிக்கப்படுவது அடிப்படை உரிமை. அந்தப் பரிசீலனை ஆணா பெண்ணா என்று பார்த்து நடக்கக் கூடாது. முத்தம்மா கேட்டதும் இதைத்தான். யாரிடமும் சலுகை கேட்கவில்லை.

1982-ல் ஓய்வு பெற்றார். ஸ்வீடனின் ஓலோஃப் பால்மே தலைமையில் இயங்கிய ஆயுதக் குறைப்பு ஆணையத்தில் உறுப்பினராக இருந்தார். 2001-ல் சோகிலா ஐயர் இந்தியாவின் முதல் பெண் வெளியுறவுச் செயலரானதையும் பார்த்தார். 2009 அக்டோபரில் பெங்களூருவில் காலமானார்.

கணவர் விசாவில் வந்து, சில வருஷ இடைவெளிக்குப் பிறகு மறுபடி வேலை தேடும் தோழிகள் நமக்குள் நிறைய. இங்கேயே படித்து வளர்ந்து வேலைக்குப் போகும் பெண்களும் இருக்கிறார்கள். அவர்களில் யாருக்காவது ப்ரமோஷன் கைநழுவி, தகுதி போதவில்லை என்று ஒரு வரியில் பதில் வந்தால், முத்தம்மா கதையைச் சொல்லுங்கள். எந்தத் தகுதி, யாரோடு ஒப்பிட்டு என்று எழுத்தில் கேட்கச் சொல்லுங்கள். அவர் கேட்ட பிறகுதானே சாத்தியிருந்த கதவு திறந்தது.