பட்டறைச் சுவரில் இருந்த ஓவியர்

மலருக்கு எழுதச் சொன்னதும் மெஷின், மோட்டார் பற்றித்தான் எழுத உட்கார்ந்தேன். கை வேறு பக்கம் போய்விட்டது.

அனுப்பர்பாளையத்தில் அப்பாவின் பித்தளைப் பாத்திரப் பட்டறையில், கரி படிந்த சுவரில் ஒரு முருகன் படம், வள்ளி தெய்வானையோடு. காலண்டர் தாள் கிழிந்து தீர்ந்த பிறகு அப்பா கண்ணாடி போட்டு மாட்டியது. மூலையில் கொண்டைய ராஜு என்று கையெழுத்து. காலண்டர் படம்தானே என்று நானும் ரொம்ப நாள் அலட்சியமாகத்தான் இருந்தேன்.

1898-ல் பிறந்தவர் அவர். சென்னை ஓவியப் பள்ளியில் முறையாகப் படித்தவர். அந்தப் படிப்பை வைத்து உத்தியோகம் தேடாமல் துறவி மாதிரி திருவண்ணாமலை ரமணாசிரமத்தில் போய் இருந்தார். அப்புறம் நாடகக் கம்பெனிக்குத் திரைச்சீலை எழுதினார். நாற்பதுகளில் அந்தக் கம்பெனி கோவில்பட்டியில் கலைந்துபோக, அங்கேயே தங்கிவிட்டார். பக்கத்தில் சிவகாசி அச்சகங்கள். இவர் தூரிகையில் பிறந்த லட்சுமியும் முருகனும் மீனாட்சி கல்யாணமும் காலண்டராகி மளிகைக்கடை, டீக்கடை, பூஜையறை என்று எங்கும் போய்ச் சேர்ந்தன. மியூசியம் பக்கமே போகாத ஜனங்கள் தினமும் இவர் ஓவியத்தின் முன்னால் கைகூப்பினார்கள்.

அவர் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. டி.எஸ். சுப்பையா, ராமலிங்கம் போன்ற சீடர்கள்தான் குடும்பம். வயதான காலத்தில் பல படங்களில் தன் பெயரோடு சீடன் பெயரையும் சேர்த்துப் போட்டார். இதுதான் எனக்கு ஜீரணமாக நாளானது. பனியன் பிரிண்டிங்கில் நான் போட்ட ஒரு டிசைனை எவனோ காப்பியடித்தான் என்று ராத்திரியெல்லாம் தூங்காமல் கிடந்தவன் நான். இவருடையதோ லட்சக்கணக்கில் அச்சாகி ஊரெல்லாம் போனது. இவர் பாட்டுக்கு அடுத்த படத்துக்கு வர்ணம் குழைத்துக்கொண்டிருந்தார். அப்படியே கோவில்பட்டியில் இருந்து, 1976-ல் காலமானார்.

பட்டறையை குடோனாக மாற்றியபோது, அந்தப் படத்தைப் பழைய இரும்போடு சேர்த்துப் போட்டுவிட்டேன். அப்பா ஒரு வார்த்தை சொல்லவில்லை. ஆணியை மட்டும் பிடுங்க விடவில்லை.

உங்களில் யார் வீட்டிலாவது அந்த முருகன் இருந்தால் சொல்லுங்க. ஒரு காப்பி எடுத்துக்கொண்டு பத்திரமாகத் திருப்பித் தந்துவிடுகிறேன்.