காற்றால் ரயிலை நிறுத்தியவர்



மணிமுத்தாறிலிருந்து மாஞ்சோலைக்குச் செல்லும் மலைப்பாதையைப் பார்த்திருக்கிறீர்களா? ஒரு பக்கம் மலை, மறுபக்கம் பள்ளம், நடுவே கொண்டை ஊசி வளைவுகள். அந்தப் பாதையில் பேருந்தோ லாரியோ இறங்கும்போது 'புஸ்... புஸ்...' என்று ஒரு சத்தம் கேட்கும். டிரைவர் பிரேக்கிலிருந்து காலை எடுக்கும்போது வெளியேறும் காற்றின் சத்தம்தான் அது. ஒரு பேருந்தை நிறுத்தவே இவ்வளவு பாடு என்றால், பெட்டி பெட்டியாகக் கோத்துக்கொண்டு ஓடும் ரயிலை எப்படி நிறுத்துவது? காற்றைக் கொண்டு அதற்கு வழி கண்டவர் ஜார்ஜ் வெஸ்டிங்ஹவுஸ்.

இவர் 1846-ம் ஆண்டு அக்டோபர் 6-ம் தேதி அமெரிக்காவின் நியூயார்க் மாநிலத்தில் சென்ட்ரல் பிரிட்ஜ் என்ற சிற்றூரில் பிறந்தார். தந்தை இயந்திரப் பட்டறை நடத்தி வந்தார். பள்ளிப் பாடத்தைவிடப் பட்டறையில்தான் சிறுவன் ஜார்ஜுக்கு நாட்டம் அதிகம். கல்லூரியில் சேர்ந்தும் சில மாதங்களிலேயே பட்டறைக்குத் திரும்பிவிட்டார். 19 வயதில் முதல் காப்புரிமையைப் பெற்றார்.

அந்தக் காலத்தில் ரயிலை நிறுத்துவது உயிரைப் பணயம் வைக்கும் வேலை. இன்ஜின் டிரைவர் விசில் கொடுத்ததும், பிரேக்மேன் எனப்படும் தொழிலாளர்கள் பெட்டி பெட்டியாகச் சென்று, கைச்சக்கரத்தைச் சுற்றி பிரேக் போடுவார்கள். சரக்கு ரயில் என்றால், ஓடும் ரயிலின் கூரைமேல் நடந்து போக வேண்டும். மழையிலும் பனியிலும் வழுக்கி விழுந்து இறந்தவர்கள் பலர்.

1866-ல் வெஸ்டிங்ஹவுஸ் போக வேண்டிய ரயில் பாதை அடைபட்டுக் கிடந்தது. இரண்டு சரக்கு ரயில்கள் நேருக்கு நேர் மோதியிருந்தன. பாதை நேரானது, நல்ல பகல் வெளிச்சம். இரண்டு டிரைவர்களும் எதிரே வந்த ரயிலைப் பார்த்துவிட்டார்கள். பார்த்தும் நிறுத்த முடியவில்லை! எல்லாப் பெட்டிகளின் பிரேக்கையும் டிரைவரே போட முடிந்தால் என்ன என்ற எண்ணம் அன்றே அவர் மனத்தில் விழுந்தது.

சங்கிலி வைத்துப் பார்த்தார். நீராவியை எண்ணிப் பார்த்தார். எதுவும் சரிவரவில்லை. அப்போது ஒரு பத்திரிகையில், ஆல்ப்ஸ் மலையில் சுரங்கப்பாதை தோண்டும் செய்தியைப் படித்தார். அழுத்தப்பட்ட காற்றைக் குழாய் வழியே வெகுதூரம் அனுப்பி, துளையிடும் இயந்திரங்களை இயக்கினார்கள். பாறையைக் குடையும் காற்று ரயிலை நிறுத்தாதா?

பிட்ஸ்பர்க் நகரில் ஓர் இன்ஜினையும் நான்கு பெட்டிகளையும் வைத்துச் சோதனை நடந்தது. ரயில் புறப்பட்ட சற்று நேரத்தில் குதிரை வண்டி ஒன்று குறுக்கே வந்தது. குதிரைகள் மிரண்டன, வண்டிக்காரர் தண்டவாளத்தில் விழுந்தார். டிரைவர் டேனியல் டேட் புதிய பிரேக்கை இயக்கினார். விழுந்தவருக்கு நான்கு அடி தூரத்தில் ரயில் நின்றது! அப்போது வெஸ்டிங்ஹவுஸுக்கு 23 வயதுகூட நிரம்பவில்லை. 1869 ஏப்ரல் 13 அன்று காப்புரிமை கிடைத்தது. அதே ஆண்டில் கம்பெனியும் தொடங்கினார்.

வேறொருவராக இருந்தால் அத்தோடு திருப்தி அடைந்திருப்பார். இவரோ தன் கண்டுபிடிப்பில் தானே குறை தேடினார். குழாயில் காற்றை அனுப்பினால்தானே பிரேக் பிடிக்கும்? குழாய் அறுந்துவிட்டால்? பெட்டிகள் கழன்று ஓடினால்?

1872-ல் அவர் எல்லாவற்றையும் தலைகீழாக மாற்றினார். ஒவ்வொரு பெட்டியின் அடியிலும் தனியாக ஒரு காற்றுத் தொட்டி வைத்தார். ரயில் ஓடும்போது குழாய் முழுக்கக் காற்று நிரம்பியிருக்கும். டிரைவர் காற்றைச் சிறிது வெளியேற்றினால் குழாயில் அழுத்தம் குறையும். உடனே ஒவ்வொரு பெட்டியிலும் உள்ள வால்வு தொட்டிக் காற்றைத் திறந்துவிடும், பிரேக் பிடிக்கும். குழாய் அறுந்தாலும் காற்று வெளியேறும் அல்லவா? அப்போதும் பிரேக் தானாகவே பிடித்துக்கொள்ளும். பழுது ஏற்பட்டால் ரயில் ஓடக்கூடாது, நிற்க வேண்டும் என்பதே அவர் வகுத்த விதி. இன்றும் விரைவு ரயிலில் அபாயச் சங்கிலியை இழுத்தால் குழாயிலிருந்து காற்று வெளியேறித்தான் ரயில் நிற்கிறது. விளையாட்டுக்கு அதைத் தொடாதீர்கள்!

அடுத்த சோதனை 1886, 1887-ம் ஆண்டுகளில் பர்லிங்டன் என்ற ஊரில் வந்தது. 50 பெட்டிகள் கொண்ட சரக்கு ரயில்கள். முன்பெட்டிகளில் பிரேக் பிடித்த பிறகும், கடைசிப் பெட்டிவரை காற்றின் தகவல் போய்ச் சேரவில்லை. பின்பெட்டிகள் முன்பெட்டிகளை இடித்துத் தள்ளின. வெஸ்டிங்ஹவுஸ் சோர்ந்துவிடவில்லை. சில மாதங்களில் வால்வைத் திருத்தி, விரைவாகப் பிடிக்கும் பிரேக்கைச் செய்தார். 50 பெட்டி ரயிலையே ஊர் ஊராக ஓட்டி நிறுத்திக் காட்டினார். 1893-ல் அமெரிக்க அரசு ரயில்களில் இத்தகைய பிரேக்கைக் கட்டாயமாக்கிச் சட்டம் இயற்றியது.

அந்தப் பர்லிங்டன் சோதனையிலேயே, காற்று வால்வுகளை மின்சாரத்தால் திறந்தால் என்ன என்றும் முயன்று பார்த்தார்கள். அன்று நம்பகமாக அமையாத அந்த முறைதான் இன்று எலக்ட்ரோ நியூமேட்டிக் பிரேக்காக வளர்ந்திருக்கிறது. டிரைவர் பிரேக்கை இயக்கியதும் மின்கம்பி வழியே எல்லாப் பெட்டிகளுக்கும் ஒரே நேரத்தில் தகவல் போகும். மின்சார வால்வுகள் ஒன்றாகத் திறக்கும். சக்கரத்தை அழுத்துவது பழையபடி காற்றுதான். முதல் பெட்டியும் கடைசிப் பெட்டியும் ஒன்றாக நிற்பதால் பயணிகளுக்குக் குலுக்கல் இல்லை. சென்னையின் மின்சார ரயில்களில் இந்த பிரேக் உண்டு. 2023 செப்டம்பர் 24 அன்று திருநெல்வேலிக்கும் சென்னைக்கும் இடையே தொடங்கிய வந்தே பாரத் ரயிலிலும் இதுவே. அதன் பெட்டிகள் நம் பெரம்பூர் ஐ.சி.எஃப். தொழிற்சாலையில் உருவானவை.

வெஸ்டிங்ஹவுஸ் மின்சாரத் துறையிலும் சாதித்தார். நிகோலா டெஸ்லாவின் காப்புரிமைகளை வாங்கி, மாறுதிசை மின்சாரத்தைப் பரப்பினார். நம் வீடுகளுக்கு வருவதும், பாபநாசம் நீர்மின் நிலையத்தில் உற்பத்தியாவதும் அந்த மின்சாரம்தான். 1871-லேயே தம் தொழிலாளர்களுக்குச் சனிக்கிழமை பிற்பகல் விடுமுறை தந்த முதலாளி அவர்.

1907-ல் ஏற்பட்ட பண நெருக்கடியில் தம் மின்சாரக் கம்பெனியின் பொறுப்பு அவர் கையைவிட்டுப் போனது. 1914 மார்ச் 12-ம் தேதி காலமானார். வாழ்நாளில் அவர் பெற்ற காப்புரிமைகள் 361.

கணக்குப் போட்டு முடித்ததும் விடையை மறுபடி சரிபார் என்று ஆசிரியர் சொன்னால் சலித்துக்கொள்கிறீர்கள் அல்லவா? தன் பிரேக்கை வெஸ்டிங்ஹவுஸ் மறுபடி மறுபடி சரிபார்த்ததால்தான் எத்தனையோ பயணிகள் பத்திரமாக ஊர் போய்ச் சேர்கிறார்கள். அடுத்த முறை ரயில் மெல்ல நிற்கும்போது அந்தக் காற்றின் சத்தத்தைக் காது கொடுத்துக் கேளுங்கள்.