வீர வாஞ்சியும் இரகசியச் சங்கமும்

சங்கம் என்னும் சொல்லைக் கேட்டவுடன் தமிழர் நெஞ்சில் மதுரை மாநகரும் புலவர் கூட்டமும் தோன்றுதல் இயல்பு. பாலக்காட்டுக் கணவாயிலும் மூணாறு, பீர்மேடு மலைகளிலும் பிழைப்பை நாடிக் குடியேறிய நம்மனோர்க்கோ, ஆண்டு விழாவும் பட்டிமன்றமும் மாதச் சந்தா இரசீதும் நினைவுக்கு வரும். நமது சங்கத்தின் கதவு திறந்தே கிடக்கிறது. உறுப்பினர் பெயர்களை மலரின் கடைசிப் பக்கத்தில் அச்சிட்டு மகிழ்கிறோம். ஆனால் நூறாண்டுகளுக்கு முன்னர், இதே மேற்கு மலைத் தொடரின் தென்கோடியில், பெயர்ப் பட்டியலை அச்சிடாத சங்கம் ஒன்று இருந்தது. அதன் பெயர் பாரதமாதா சங்கம். அதில் சேர்ந்து இருபத்தைந்தாம் வயதில் உயிர் நீத்த ஒரு குமாஸ்தாவின் வரலாற்றை ஈண்டுச் சுருங்க உரைப்பேன்.

செங்கோட்டை இன்று தமிழ்நாட்டைச் சேர்ந்தது. 1956ஆம் ஆண்டு நவம்பர் முதல் நாள் வரை அது திருவிதாங்கூர், திருக்கொச்சிப் பகுதியாகவே இருந்தது. அவ்வூரில் 1886ஆம் ஆண்டில் ரகுபதி ஐயருக்கும் ருக்மணி அம்மாளுக்கும் மகனாகப் பிறந்தவர் வாஞ்சிநாதன். இட்ட பெயர் சங்கரன். வழங்கிய பெயர் வாஞ்சி. செங்கோட்டையில் பள்ளிப் படிப்பும் திருவனந்தபுரத்தில் கல்லூரிப் படிப்பும் பெற்றார். பொன்னம்மாளை மணந்தார். பின்னர்ப் புனலூரில் திருவிதாங்கூர் அரசின் காட்டு இலாகாவில் குமாஸ்தாவாக அமர்ந்தார். 1904ஆம் ஆண்டிலேயே கொல்லத்திலிருந்து செங்கோட்டைக்கு மலையைக் குடைந்து மீட்டர் பாதை போட்டாகிவிட்டது. ஆகவே ஆரியங்காவுக் கணவாய் வழியாகச் சொந்த ஊருக்கும் வேலை பார்க்கும் ஊருக்கும் போய்வருதல் அவருக்கு எளிதாயிற்று. தாய்மொழி ஒரு பக்கம், சம்பளம் மறு பக்கம் என்னும் நமது நிலையே அவருடைய நிலையும் என்று கொள்ளலாம்.

அமைதியான இக்குமாஸ்தாவைத் துப்பாக்கி ஏந்தச் செய்தது யாது? அதனை அறியத் தூத்துக்குடிக்குச் செல்லல் வேண்டும். 1906இல் வ. உ. சிதம்பரம் பிள்ளை சுதேசிக் கப்பல் கம்பெனியை நிறுவி, வெள்ளையர் கப்பல் கம்பெனியோடு போட்டியிட்டார். 1908 மார்ச்சில் அவரையும் சுப்பிரமணிய சிவாவையும் சிறைப்படுத்தினர். மார்ச் 13ஆம் நாள் திருநெல்வேலி மக்கள் கொதித்தெழுந்தனர். போலீசார் சுட்டதில் நால்வர் மாண்டனர். பிள்ளையவர்களுக்கு முதலில் விதித்த தண்டனை இரண்டு ஆயுள், அதாவது நாற்பது ஆண்டு. அப்பீலில் அது ஆறாகக் குறைந்தது. அக்காலத்தில் தூத்துக்குடியில் அதிகாரியாயிருந்து கப்பல் கம்பெனிக்கு எதிராக நின்றவர் ஆஷ் துரை. அவரே 1910இல் திருநெல்வேலிக் கலெக்டரானார்.

தலைவர்கள் சிறை புகுந்தனர், மேடைகள் ஓய்ந்தன. வாய் திறந்து பேச வழியில்லாத இடத்தில் மறைவான கூட்டம் முளைப்பது உலக வழக்கம். இத்தாலி நாட்டில் அன்னியர் ஆட்சிக்கு எதிராக எழுந்த இரகசியக் கூட்டத்தார் தம்மைக் கரி சுடுவோர் என்றே அழைத்துக் கொண்டனர். மாஜினி முதலில் அக்கூட்டத்தில் சேர்ந்து, அதன் சடங்குகளில் சலிப்புற்று, 1831இல் இளைய இத்தாலி என்னும் தமது சங்கத்தைத் தொடங்கினார். அவருடைய வரலாறு நம் நாட்டு இளைஞர்க்கு வேதம் போல் ஆயிற்று. வங்கத்தில் 1902இல் அனுசீலன் சமிதியும், மராட்டியத்தில் 1904இல் அபிநவ பாரதமும் தோன்றின. 1909 டிசம்பரில் நாசிக்கில் ஜாக்சன் என்னும் கலெக்டரைப் பதினெட்டு வயது இளைஞன் சுட்டுக் கொன்றான்.

தென்னாட்டில் அவ்வித்தை ஊன்றியவர் நீலகண்ட பிரம்மச்சாரி. சீர்காழிக்கு அருகிலுள்ள எருக்கூரில் 1889இல் பிறந்த இவர், இருபது வயது இளைஞராகத் திருநெல்வேலிச் சீமையைச் சுற்றி ஆள் திரட்டினார். 1910 ஏப்ரலில் தென்காசியில் நடந்த சடங்கைப் பற்றிப் பின்னர் அப்ரூவர்கள் நீதிமன்றத்தில் விரிவாகச் சாட்சியம் கூறினர். காளியின் படத்தை வைத்துப் பூசை செய்வர். குங்குமம் கரைத்த நீரை வெள்ளையர் இரத்தமாகப் பாவித்துப் பருகுவர். கட்டைவிரலைக் கீறி, சத்தியத்தாளில் இரத்த முத்திரை வைப்பர். உயிரையும் பொருளையும் அர்ப்பணித்து, இரகசியத்தை வெளியிட்டவர்க்கு மரணமே தண்டனை என்று ஆணையிடுவர்.

இச்சங்கத்தில் இருந்தோர் யாவர்? பெருநிலக்கிழாரோ பாரிஸ்டர்களோ அல்லர். பின்னர்க் குற்றவாளிக் கூண்டில் நின்றவர்களைப் பாருங்கள். நிலம் உழுவோர், காய்கறிக் கடைக்காரர், பானை வியாபாரி, சமையற்காரர், வக்கீல் குமாஸ்தா, பள்ளிக்கூட ஆசிரியர்! ஐயரும் பிள்ளையும் ஒரே பாத்திரத்துக் குங்கும நீரைப் பருகினர். பந்தியிலே வேறுபட்டிருந்தோர் அக்காலத்தில் ஓரிடத்தில் சகோதரராயினர் என்பது சிறிய செய்தியன்று. ஆயினும் அந்தச் சகோதரத்துவம் எட்டாத சேரிகளும் இருந்தன என்பதை மறைத்தல் கூடாது.

வாஞ்சி 1911ஆம் ஆண்டின் தொடக்கத்தில் விடுப்பு எடுத்துக்கொண்டு புதுச்சேரி சென்றார். பிரெஞ்சு ஆட்சியிலிருந்த அந்நகரில் பாரதியார், அரவிந்தர் ஆகியோரோடு, இலண்டனிலிருந்து மாறுவேடத்தில் தப்பி வந்த வ. வே. சு. ஐயரும் தங்கியிருந்தார். அவரே வாஞ்சிக்குத் துப்பாக்கி சுடப் பயிற்சி அளித்தார் என்பர்.

1911 ஜூன் 17, சனிக்கிழமை. இருப்புப்பாதை அலுவலகத்தில் பேரேடு எழுதும் எனக்கு அந்நாளின் வண்டி நேரங்கள் மனத்தில் பதிந்துவிட்டன. ஆஷ் துரையும் அயர்லாந்திலிருந்து சில நாட்களுக்கு முன் வந்திருந்த அவர் மனைவியும், கொடைக்கானலில் இருந்த தம் நான்கு குழந்தைகளைக் காணப் புறப்பட்டனர். காலை 9.30க்குத் திருநெல்வேலியை விட்ட வண்டி, 10.38க்கு மணியாச்சி ஜங்ஷனை அடைந்தது. தூத்துக்குடியிலிருந்து வரும் போட் மெயிலுக்கு நேரம் 10.48. நடுவே பத்து நிமிடம். இணைப்பு வண்டிக்காகக் காத்திருக்கும் பத்து நிமிடம் எவ்வளவு சோம்பலானது என்பதைப் பயணம் செய்தோர் அறிவர். கணவனும் மனைவியும் முதல் வகுப்புப் பெட்டியில் எதிரெதிரே அமர்ந்திருந்தனர். குடுமி வைத்த இளைஞர் ஒருவர், மற்றொருவர் துணையுடன் வந்து, பெட்டியில் ஏறி, பெல்ஜியத்தில் செய்த பிரௌனிங் கைத்துப்பாக்கியால் துரையின் மார்பில் சுட்டார். பின்னர்ப் பிளாட்பாரத்தில் ஓடிக் கழிப்பறைக்குள் புகுந்து, தம் வாயிலேயே சுட்டுக்கொண்டு மாண்டார். ஆஷ் துரையைத் திருநெல்வேலிக்குத் திருப்பிக் கொண்டு செல்லும் வழியிலேயே உயிர் பிரிந்தது.

வாஞ்சியின் சட்டைப்பையில் தமிழில் எழுதிய ஒரு கடிதம் இருந்தது. ஐந்து நாட்களில் ஐந்தாம் ஜார்ஜ் மன்னருக்கு இலண்டனில் முடிசூட்டு விழா. அம்மன்னர் இந்திய மண்ணில் கால் வைத்தவுடன் கொல்வதற்கு மூவாயிரம் சென்னை மாகாணத்தார் சபதம் செய்துள்ளதாகவும், அதனை அறிவிக்கவே கடையனாகிய தாம் இச்செயல் புரிந்ததாகவும் அவர் எழுதியிருந்தார். சனாதன தருமத்தைக் காத்தல், மாட்டிறைச்சி உண்ணும் மிலேச்சர் என்பன போன்ற சொற்களும் அதில் உண்டு. இதனைக் காட்டி, அவர் தேசத்துக்காகச் சுட்டாரா, சாதி ஆசாரத்துக்காகச் சுட்டாரா என்று வாதிடுவோர் இன்றும் உளர். கப்பல் கம்பெனியின் வீழ்ச்சியும் 1908ஆம் ஆண்டுத் துப்பாக்கிச் சூடும் இல்லையேல் மணியாச்சி நிகழ்ந்திராது என்பது என் கருத்து. ஆனால் அக்கடிதத்தின் சொற்களைத் துடைத்துவிட்டு வாஞ்சியைப் போற்றுவதும் நேர்மையன்று. அவை அவர் கையால் எழுதியவை.

என்னை வருத்துவது அந்த மூவாயிரம் என்னும் எண்ணே. போலீசார் ஊர் ஊராகச் சோதனையிட்டுக் கூண்டில் நிறுத்தியவர் பதினால்வர். மூவாயிரவர் எங்கே? வாஞ்சி பொய் எழுதினார் என்று நான் நம்பவில்லை. இரகசியச் சங்கத்தில் இருப்பவன் தன் பக்கத்தில் நிற்கும் நால்வரை மட்டுமே காண்பான். அவர்களுக்குப் பின்னால் இருளில் ஆயிரவர் நிற்பதாகப் பிறர் கூறக் கேட்பான். கேட்டு எண்ணிப் பார்க்கவும் அவனுக்கு உரிமை இல்லை. சந்தா இரசீதுக் கட்டு வைத்திருக்கும் நம் பொருளாளருக்கு அந்த மயக்கம் வராது. தனக்குப் பின்னே ஒரு படை வருகிறது என்ற எண்ணத்தோடே அவ்விளைஞர் மணியாச்சியில் இறங்கியிருத்தல் கூடும்.

அதன் பின் நிகழ்ந்தவை விரைவில் நிகழ்ந்தன. இரத்த முத்திரை வைத்தவர்களில் ஆறுமுகம் பிள்ளை, சோமசுந்தரம் பிள்ளை ஆகியோர் அப்ரூவர்களாயினர். தர்மராஜ ஐயர் நஞ்சுண்டு மாண்டார். வெங்கடேச ஐயர் கழுத்தை அறுத்துக்கொண்டார். சென்னை உயர் நீதிமன்றத்தில் மூன்று நீதிபதிகள் வழக்கை விசாரித்தனர். அவருள் ஒருவர் நம் பாலக்காட்டை அடுத்த மங்கரையில் பிறந்த சேற்றூர் சங்கரன் நாயர். 1897இல் காங்கிரஸ் மகாசபைக்குத் தலைமை வகித்தவர். பின்னாளில் ஜாலியன்வாலாபாக் படுகொலையை முன்னிட்டு வைசிராய் சபைப் பதவியைத் துறந்தவர். 1912 பிப்ரவரியில் தீர்ப்பு வந்தது. கொலை நடந்தபோது நெல்லைச் சீமையிலேயே இல்லாத நீலகண்ட பிரம்மச்சாரிக்கு ஏழு ஆண்டு. வாஞ்சியின் மைத்துனர் சங்கரகிருஷ்ணனுக்கு நான்கு ஆண்டு. ஏனையோருக்கு அதனினும் குறைவு. ஐவர் விடுதலை பெற்றனர்.

நீலகண்டர் பின்னும் ஒருமுறை நீண்ட சிறை கண்டு, 1930இல் வெளிவந்து, துறவு பூண்டு, மைசூர் நாட்டு நந்தி மலையில் ஓங்காரர் என்னும் பெயருடன் வாழ்ந்து 1978இல் மறைந்தார். வ. வே. சு. ஐயர் வன்முறை வழியை விட்டுக் காந்தியடிகளைப் பின்பற்றி, சேரன்மாதேவியில் குருகுலம் நடத்தி, 1925இல் பாபநாசம் அருவியில் மூழ்கி இறந்தார். வாஞ்சியை மணந்த பொன்னம்மாள் இளமையிலேயே விதவையானார். அவரைப் பற்றி மலர்களில் எழுதுவோர் குறைவு. ஆஷ் துரையின் நான்கு குழந்தைகள் கொடைக்கானலில் காத்திருந்தனர் என்பதையும் எழுதாமல் விடுதல் முறையன்று.

மணியாச்சி ஜங்ஷனின் பெயர்ப்பலகையில் இன்று வாஞ்சி மணியாச்சி என்று எழுதியிருக்கிறது. வாஞ்சியுடன் அன்று பெட்டியை நோக்கி நடந்த மற்றோர் இளைஞர், ஒட்டப்பிடாரம் மாடசாமிப் பிள்ளை என்பர். ஸ்டேஷன் கூட்டத்தில் கலந்து மறைந்த அவரைப் போலீசார் கடைசி வரை கண்டுபிடிக்கவில்லை.