ஓசையை இசையாக்கியவர்

ரயிலோசை இசையாகுமா? ஆகும் என்று காட்டியவர் பிரெஞ்சு நாட்டுப் பியேர் ஷெஃபர். 1910-இல் நான்சி நகரில் பிறந்தார். தந்தை வயலின் கலைஞர், தாய் பாடகி. பயின்றதோ பொறியியல்; பணியோ வானொலியில்.

1948-இல் பாரிஸ் நிலையமொன்றின் ரயிலோசையை இசைத்தட்டில் பதித்தார். தட்டின் வரியை வட்டமாக மூடி, ஒரே ஓசை ஓயாது ஒலிக்கச் செய்தார், வேகத்தை மாற்றினார், பலவற்றைக் கலந்தார். அவ்வாண்டே வானொலி அதனை ஒலிபரப்பியது.

1953-இல் ஜெர்மனியின் டோனாவெஷிங்கன் விழாவில், அவரும் பியேர் ஆன்ரியும் அமைத்த இசைநாடகம் பெருங்கண்டனத்துக்கு ஆளாயிற்று. முதுமையில் அவரே தம் முயற்சி வீணென மனங்கசந்தார்; 1995-இல் மறைந்தார்.

அத்தீர்ப்பை ஏற்க என் உள்ளம் ஒப்பவில்லை. ஒலித்துண்டுகளைக் கோத்தமைக்கும் இன்றைய மின்னிசைக்கு வழி வகுத்தவர் அவரன்றோ? ஆகவேதான் அவருடைய முதற்பதிப்பு இசைத்தட்டுகளைத் தேடித் திரிகிறேன், நண்பர்களே!