குந்தவைப் பிராட்டியார்

சோழர் குலத்துதித்த மகளிருள் தலைசிறந்தவர் குந்தவைப் பிராட்டியார். இவர் சுந்தர சோழருக்கும் வானவன் மாதேவியாருக்கும் மகளாய்த் தோன்றியவர். ஆதித்த கரிகாலனும் அருண்மொழிவர்மனும் இவருடன் பிறந்தோர். இவர்தம் கணவர் வல்லவரையர் வந்தியத்தேவர் ஆவர்.

அரச குடும்பம் ஆயினும் துயரம் அதனை விட்டு வைக்கவில்லை. முடிக்குரிய ஆதித்தன் வஞ்சகரால் கொலையுண்டான். சுந்தர சோழரும் பொன்மாளிகையில் உயிர் நீத்தார். வானவன் மாதேவியார் தம் இளங்குழந்தையையும் பிரிந்து கணவருடன் தீப்புகுந்தார்.

985ஆம் ஆண்டில் அரியணை ஏறிய அருண்மொழிவர்மனே இராசராசன் எனப் புகழ்பெற்றான். அவன் தஞ்சைப் பெரிய கோயிலின் கொடைகளைக் கல்லில் வெட்டப் பணித்தபோது, தான் அளித்தவற்றை அடுத்துத் தமக்கை அளித்தவற்றையும், அவற்றின் பின்னரே தன் தேவியர் அளித்தவற்றையும் குறிக்குமாறு ஆணையிட்டான். அவன் தமக்கைபால் வைத்த அன்பு இதனால் விளங்கும்.

பிராட்டியாரோ, இழந்த பெற்றோருக்கு அக்கோயிலில் செப்புத் திருமேனிகள் எடுப்பித்தார். தந்தையார் பெயரால் அமைந்த தஞ்சை மருத்துவச் சாலைக்கு நிலம் வழங்கினார். தாம்பரத்தினின்று தெற்கே செல்லும் பெருஞ்சாலை திண்டிவனத்தை அடையும். அதனை அடுத்த தாதாபுரத்தில் சிவபெருமானுக்கும் திருமாலுக்கும் அருகதேவனுக்கும் தனித்தனியே கோயில் கண்டார்.

1950 முதல் 1954 வரை கல்கி எழுதிய ‘பொன்னியின் செல்வன்’ என்னும் புதினம், குந்தவையாரையும் வந்தியத்தேவரையும் காதலராகப் புனைந்து காட்டிற்று. அக்காதல் கற்பனையே, கல்வெட்டுக்கள் அவரை வந்தியத்தேவரின் தேவியார் என்ற அளவிலேயே குறிக்கின்றன. ஆயினும் பெற்றோரை மறவாத அவர்தம் பெருங்குணம் கல்லிலேயே நிலைத்துள்ளது. அது மாணாக்கர் உளங்கொளத் தக்கது.