திரையில் இளவரசன், வாழ்க்கையில் கடனாளி: வாள்வீச்சு நாயகன் 'கத்தி' காந்தா ராவின் கதை

உப்பல் (ஹைதராபாத்): தெலுங்கில் 'கத்தி' என்றால் வாள். அந்தச் சொல்லையே பெயருக்கு முன்னால் பட்டமாகப் பெற்றவர் நடிகர் காந்தா ராவ். அரச கதைகளில் வாளேந்திய இளவரசனாகவும், புராணப் படங்களில் பெரிய நாயகர்களின் தம்பியாகவும் தோழனாகவும் 400-க்கும் மேற்பட்ட படங்களில் நடித்த அவர், இறுதிக் காலத்தில் பொருளாதார நெருக்கடியில் வாழ்ந்தார்.

தாடேபல்லி லட்சுமி காந்தா ராவ் 1923-ஆம் ஆண்டு நவம்பர் 16-ஆம் தேதி பிறந்தார். கோதாட் அருகேயுள்ள குடிபண்டா அவரது சொந்த ஊர். அப்போது நிஜாம் ஆட்சியில் இருந்த அப்பகுதி, தற்போது தெலங்கானாவின் சூர்யாபேட்டை மாவட்டத்தில் உள்ளது. நாடக ஆர்வத்தால் சென்னைக்கு வந்த அவருக்கு வாய்ப்பளித்தவர் எச்.எம்.ரெட்டி. தமிழின் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' படத்தை 1931-இல் இயக்கியவர் இவரே. 1953-இல் வெளியான 'பிரதிக்ஞா' படத்தில் காந்தா ராவ் நாயகனானார். அதே படத்தில் அறிமுகமான ராஜநாலா, பின்னாளில் அவருடன் பல படங்களில் வாள் சுழற்றிய வில்லனானார்.

தம்பி வேடம் தந்த புகழ்:

1955-இல் என்.டி.ராமா ராவின் சொந்தத் தயாரிப்பான 'ஜெயசிம்மா' படத்தில் நாயகனின் தம்பியாக நடித்தது அவருக்குத் திருப்புமுனையாக அமைந்தது. 'சீதாராம கல்யாணம்' படத்தில் நாரதராகவும், 'பாண்டவ வனவாசம்' படத்தில் கிருஷ்ணராகவும் தோன்றினார். 1963-இல் வெளியான 'லவகுசா' படத்தில் ராமராக என்.டி.ராமா ராவும், லட்சுமணராக காந்தா ராவும் நடித்தனர். அப்படத்தின் தமிழ்ப் பதிப்பில் லட்சுமணராக நடித்தவர் ஜெமினி கணேசன்.

முன்னணி நாயகனுடன் நடிக்கும்போது இரண்டாம் இடத்தில் நின்ற அவரை முதலிடத்திற்குக் கொண்டுவந்தவர் இயக்குநர் பி.விட்டலாச்சார்யா. மந்திரவாதி, பூதம், மாயக்குகை என்றாலே 'விட்டலாச்சார்யா படம்' எனத் தமிழ் ரசிகர்களும் சொல்லும் அளவுக்குப் பெயர் பெற்றவர் அவர். 'கனகதுர்கா பூஜா மகிமா', 'குருவுனு மிஞ்சின சிஷ்யுடு', 'ஜ்வாலா த்வீப ரகசியம்' ஆகிய படங்களில் காந்தா ராவே நாயகன். கணினி வரைகலை இல்லாத அக்காலத்தில், சண்டைக் காட்சியின் விறுவிறுப்பு நடிகரின் கால் அசைவையும் மணிக்கட்டின் வேகத்தையும் நம்பியே இருந்தது. அந்தத் தேர்ச்சிதான் அவருக்குப் பட்டத்தைப் பெற்றுத் தந்தது.

தயாரிப்பில் இழந்த சொத்து:

நடித்துச் சேர்த்த பணத்தைப் படத் தயாரிப்பில் முதலீடு செய்ததே அவரது வாழ்க்கையைத் திசைமாற்றியது. 1969-இல் வெளியான 'சப்த ஸ்வராலு' உள்ளிட்ட படங்களை அவர் தயாரித்தார். இதில் ஏற்பட்ட இழப்பை ஈடுகட்ட நிலத்தையும் சொத்துகளையும் விற்க நேர்ந்தது.

அதே காலத்தில் ரசிகர்களின் விருப்பமும் மாறியது. 1970-களில் சமூகக் கதைகளும் துப்பாக்கி ஏந்திய நாயகர்களும் முன்னுக்கு வர, அரச உடைக்கும் வாளுக்கும் வேலை குறைந்தது. முன்னணி நாயகர்கள் புதிய வேடங்களுக்கு மாறிக்கொண்டனர். வாள்வீச்சையே அடையாளமாகக் கொண்ட காந்தா ராவுக்குச் சிறு குணச்சித்திர வேடங்களே எஞ்சின. தெலுங்குத் திரையுலகம் சென்னையிலிருந்து ஹைதராபாத்துக்கு இடம்பெயர்ந்தபின், அவரும் குடும்பத்துடன் அங்கு குடியேறி, கிடைத்த வேடங்களில் நடித்து வந்தார். அவருடன் அறிமுகமான ராஜநாலாவும் வறுமையில் வாடி 1998-இல் காலமானார்.

தெலங்கானா மண்ணிலிருந்து தெலுங்குத் திரையில் நட்சத்திரமாக உயர்ந்த முன்னோடிகளுள் ஒருவரான காந்தா ராவுக்கு, ஒருங்கிணைந்த ஆந்திரப் பிரதேச அரசு 2000-ஆம் ஆண்டுக்கான ரகுபதி வெங்கய்யா விருதை வழங்கியது. புற்றுநோயால் பாதிக்கப்பட்டிருந்த அவர், 2009-ஆம் ஆண்டு மார்ச் 22-ஆம் தேதி ஹைதராபாத்தில் தனது 85-வது வயதில் காலமானார்.

தனது வாழ்க்கை வரலாற்று நூலுக்கு அவர் சூட்டிய தலைப்பு 'அனகனகா ஒக ராகுமாருடு'. 'முன்னொரு காலத்தில் ஓர் இளவரசன்' என்பது அதன் பொருள்.