கரகரத்த குரலால் ஸ்பெயினைச் சிரிக்க வைத்தவர்

குள்ள உருவம். உருண்டை முகம். தொண்டை கட்டியது போன்ற கரகரத்த குரல். இப்படிப்பட்டவர் சினிமா நடிகர் ஆக முடியுமா?

ஸ்பெயின் நாட்டில் ஒருவர் ஆனார். அவர் பெயர் ஹோசே இஸ்பெர்ட். ஜனங்கள் செல்லமாக "பெப்பே" என்று அழைத்தார்கள்.

1886-ம் ஆண்டு மார்ச் 3-ந் தேதி மாட்ரிட் நகரில் பிறந்தார். படித்து முடித்ததும் அரசாங்கக் கணக்குத் தணிக்கை இலாகாவில் உத்தியோகம் கிடைத்தது. மனம் மட்டும் நாடகத்திலேயே இருந்தது. 1903-ல் மேடை ஏறினார். சிறந்த ஹாஸ்ய நடிகர் என்று பெயர் எடுத்தார்.

1912-ல் ஸ்பெயின் பிரதமர் கனலேஹாஸ், ஒரு புத்தகக் கடை வாசலில் சுட்டுக் கொல்லப்பட்டார். அந்தச் சம்பவத்தை உடனே படம் எடுத்தார்கள். கொலைகாரன் வேஷம் யாருக்கு? சிரிக்க வைக்கும் இஸ்பெர்ட்டுக்கு! அதுதான் அவர் நடித்த முதல் படம். ஊமைப்படம் ஆதலால் குரல் தப்பியது.

பேசும் படம் வந்தபின் அந்தக் குரலே அவருக்குச் சொத்து ஆயிற்று. ஆனாலும் பெரும் புகழ் வந்தபோது வயது 67.

1953-ல் பெர்லாங்கா என்ற டைரக்டர் "வருக, மிஸ்டர் மார்ஷல்" படத்தை எடுத்தார். அமெரிக்கர்கள் உதவிப் பணத்தோடு வரப்போகிறார்கள் என்று ஒரு கிராமமே கடன் வாங்கி அலங்காரம் செய்கிறது. காது மந்தமான ஊர்த் தலைவர், இஸ்பெர்ட். மாடியில் நின்று பேசத் தொடங்குவார், சொன்னதையே சொல்வார், விஷயம் மட்டும் வராது! கடைசியில் அமெரிக்கர்களின் கார்கள் நிற்காமலே பறந்துவிடுகின்றன. செலவை ஊர் ஜனங்களே சுமக்கிறார்கள்.

1962-ல் "பெரிய குடும்பம்" படத்தில் தாத்தா. கிறிஸ்துமஸ் சந்தைக் கூட்டத்தில் பேரன் காணாமல் போகிறான். அந்த உடைந்த குரலில் பேரன் பெயரைக் கூவி அலைவார். பார்த்தவர்கள் கண் கலங்கினார்கள்.

அடுத்த ஆண்டு வந்த "மரண தண்டனைக்காரர்" படம்தான் என் பார்வையில் அவருடைய சிகரம். அப்போது ஸ்பெயினில் பிராங்கோவின் சர்வாதிகாரம். கைதியின் கழுத்தை இரும்பு வளையத்தால் இறுக்கிக் கொல்லும் தண்டனை நடைமுறையில் இருந்தது. 1963 ஆகஸ்டு மாதம்கூட இரண்டு பேர் அப்படிக் கொல்லப்பட்டார்கள். சில வாரங்களில் இப்படம் வெனிஸ் படவிழாவுக்குப் போனது. ஸ்பெயின் அதிகாரிகள் கொதித்தார்கள்.

படத்தில் இஸ்பெர்ட், அந்தத் தண்டனையை நிறைவேற்றும் கிழவர். கொடியவர் அல்ல, சாதுவானவர்! ஓய்வு பெறும் சமயம். அரசாங்க வீடு கைவிட்டுப் போகாமல் இருக்க மருமகன் அதே வேலையில் சேரவேண்டும். யாருக்கும் தண்டனை வராது என்று கிழவர் தைரியம் சொல்கிறார். ஒருநாள் உத்தரவு வந்துவிடுகிறது. கைதி தானாக நடக்கிறான். மருமகனைத்தான் காவலர்கள் இழுத்துப் போகிறார்கள்.

இனி ஒருபோதும் செய்யமாட்டேன் என்று திரும்பி வந்த மருமகன் அழுகிறான். முதல் தடவை நானும் அதையேதான் சொன்னேன் என்கிறார் கிழவர்.

இஸ்பெர்ட் 1966 நவம்பர் 28-ந் தேதி, 80-வது வயதில் மாட்ரிட்டில் காலமானார். தாராசோனா தெ லா மான்சா என்ற சிற்றூரில் அடக்கம் செய்தார்கள். மகள் மரியாவும் நடிகை, 2011-ல் இறந்தார்.